டெல்ஃபினாவின் செயலி ஏன் திறக்கவில்லை

பிலிப்பைன்ஸின் செபு துறைமுகத்தில் இரவுக் கப்பல் ஏறிப் பக்கத்துத் தீவுகளுக்குப் போகிற யாருக்கும் டெல்ஃபினா ஒத்தாதோயைத் தெரியாது. ஆனால் அவர்கள் எந்தத் தளத்தில் எந்தக் கட்டிலில் படுக்க வேண்டும் என்று பல வருஷங்களாகச் சொல்லிவந்தது அவள் எழுதிய செயலிதான். எங்கள் நிறுவனம் ஒரு கப்பல் கம்பெனிக்காகச் செய்த டிக்கெட் செயலி அது. தொடங்கியபோது நான்கைந்து பேர் இருந்தோம். மற்றவர்கள் சிங்கப்பூருக்கும் மணிலாவுக்கும் போய்விட, கடைசியில் நிரல் எழுத டெல்ஃபினாவும், அவள் எழுதியதில் குறை கண்டுபிடிக்க நானும் மிஞ்சினோம். எனக்கு எதிர் மேசை அவளுடையது.

அவள் கமோட்டஸ் தீவுக்காரி. கல்லூரிக்கு வந்த காலத்தில் மாதம் ஒருமுறை கப்பலில்தான் ஊருக்குப் போய்வந்தாள். அதனால் அவளுக்குக் கப்பல் என்பது திரையில் தெரிகிற கட்டம் அல்ல. இயந்திரத்துக்கு மேலே இருக்கும் கட்டிலில் கைக்குழந்தை தூங்காது என்று தெரியும். சண்டைச் சேவலைக் கூடையில் கொண்டு வருகிறவன் அதை எப்படியாவது தன் கட்டிலுக்கடியில் ஒளிப்பான் என்று தெரியும். இதையெல்லாம் அவள் செயலிக்குள் எழுதி வைத்திருந்தாள். புருஷனுக்கு வெளிநாட்டு எண்ணெய்க் கப்பலில் வேலை. வருஷத்தில் பெரும்பகுதி கடலில்தான். ட்ரிக்ஸியா என்று ஒரே மகள்.

அந்த மகளின் ஞானஸ்நானத்துக்கு ஞானத்தகப்பனாக நின்றவன் ரோல்டன் துமுலாக். எங்களோடு ஒன்றாக வேலைக்குச் சேர்ந்தவன், பிறகு மேல்மாடியில் வேறொரு குழுவுக்குத் தலைவனாகப் போனவன். ஞானஸ்நானத்தன்றிலிருந்து அவன் அவளை 'மாரே' என்பான், அவள் அவனைக் 'கும்பாரே' என்பாள். எங்கள் பக்கத்தில் அந்த உறவு லேசானது அல்ல. கூடப் பிறந்தவனிடம் சொல்லாததைக் கும்பாரேயிடம் சொல்வார்கள்.

அந்த வருஷம் மழைக்காலத்தில் புயல் அடுத்தடுத்து வந்தது. கடலோரக் காவல்படை கப்பல்களை நிறுத்தும். புயல் போனதும் நின்ற பயணிகளை அடுத்த கப்பலுக்கு மாற்ற வேண்டும். அந்த மாற்றத்தில்தான் சிக்கல். ஒரே கட்டில் இரண்டு பேருக்குப் போய்விட்டது. ஒரு முறை பிரசவத்துக்காக ஊருக்குப் போகும் பெண்ணும் ஒரு மீன் வியாபாரியும் ஒரே கட்டிலுக்கு டிக்கெட் வைத்திருந்தார்கள். வியாபாரி இறங்க மாட்டேன் என்றான். அந்தப் பெண் விடிய விடிய படிக்கட்டில் உட்கார்ந்து போனாள். துறைமுகத்திலிருந்து வந்த தொலைபேசியை எடுத்தவள் டெல்ஃபினா.

அடுத்த புயல் கிழக்கே உருவாகிக்கொண்டிருந்தது. அதற்குள் பிழையைப் பிடித்துவிட வேண்டும் என்று மறுநாள் காலையிலேயே வந்து உட்கார்ந்தாள்.

இப்படிப்பட்ட பிழையைத் தேட டீபக்கர் என்று ஒரு கருவி இருக்கிறது. ஓடுகிற நிரலை நாம் சொல்கிற வரியில் நிறுத்தி, அந்த நொடியில் உள்ளே என்ன நடக்கிறது என்று காட்டும். ஆனால் அதற்கு முதலில் செயலி திறக்க வேண்டும். டெல்ஃபினா பொத்தானை அழுத்தினாள். சற்று நேரம் சுற்றிவிட்டு, 'சர்வரில் டீபக்கைத் தொடங்க முடியவில்லை' என்று வந்தது. மறுபடி அழுத்தினாள். மறுபடியும் அதேதான்.

"போன மாசம்கூட ஓடுச்சுடி, இந்தாய்," என்றாள் என்னிடம். தோழியை எங்கள் ஊரில் செல்லமாக 'இந்தாய்' என்றுதான் கூப்பிடுவோம்.

"நம்ம குழந்தை இயேசு, சாந்தோ நீன்யோ படத்தைத் திரை மேல ஒட்டு. எங்க அக்கா கடை கல்லாப்பெட்டிக்கு அப்படித்தான் பண்ணா. இப்ப நல்லா திறக்குது."

"உன் அக்கா கடை கல்லாப்பெட்டிய நானா எழுதினேன்?"

சிரித்துக்கொண்டேதான் தொடங்கினாள். அமைப்புக் கோப்பில் டீபக் அனுமதி இருக்கிறதா என்று பார்த்தாள், இருந்தது. அந்தச் செயலிக்கு வேண்டிய 'போர்ட்' என்கிற வாசலை வேறு நிரல் ஏதாவது பிடித்துக்கொண்டிருக்கிறதா என்று பார்த்தாள், இல்லை. நிர்வாகி உரிமையோடு திறந்து பார்த்தாள். கணினியை அணைத்துப் போட்டாள். எதுவும் சரிப்படவில்லை. நேரம் போகப் போக அவள் தன்னையே திட்டிக்கொள்ளத் தொடங்கினாள். "நான்தான் எதையோ கைவச்சுக் கெடுத்திருப்பேன். எனக்கு வயசாயிடுச்சு."

மதியச் சாப்பாட்டுக்குக் கீழே போனோம். தெருவோரக் கடையில் சுட்ட கோழியும் ஓலைப் பொட்டலச் சோறும். ரோல்டன் வழக்கம்போல எங்களுக்கு இடம் பிடித்து வைத்திருந்தான். சில மாதங்களாகவே அவன் எங்களோடுதான் சாப்பிட்டான். மேல்மாடியில் ஒரு ஹோட்டல் அறை முன்பதிவுச் செயலி செய்வதாகச் சொல்லியிருந்தான். "அறையும் கட்டிலும் ஒண்ணுதானே, மாரே. உன் கிட்ட கத்துக்கிட்டா எனக்கு வேலை மிச்சம்," என்பான். அவளும் கோழி எலும்பைத் தட்டில் அடுக்கி, இது மேல்தளம், இது கீழ்தளம், குடும்பம் பிரியாமல் இப்படி உட்கார வைக்க வேண்டும் என்று பொறுமையாக விளக்குவாள். யாராவது தன் வேலையைப் பற்றிக் கேட்டால் அவளுக்கு முகமெல்லாம் மலர்ந்துவிடும். எங்கள் அலுவலகத்தில் வேறு யாரும் கேட்டதில்லை.

அன்று அவள் டீபக்கர் கதையைச் சொன்னாள். ரோல்டன் கோழியைப் பிய்த்துக்கொண்டே கேட்டான்.

"உன் மெஷின் ரொம்பப் பழசு, மாரே. எல்லாத்தையும் அழிச்சிட்டு முதல்லேர்ந்து போடு. ரெண்டு மூணு நாள் ஆகும், ஆகட்டுமே."

"புயல் வருது, கும்பாரே."

"புயல் வருஷா வருஷம் வருது. நீ ஏன் மண்டைய உடைச்சுக்கிற? லீவு போட்டுட்டு ட்ரிக்ஸியாவக் கூட்டிட்டு எங்கயாவது போ. நான் மேனேஜர் மேடம்கிட்ட சொல்லிக்கிறேன்."

அவள் அந்தப் பேச்சை அன்பாகத்தான் எடுத்துக்கொண்டாள். மேலே வந்ததும், "கும்பாரே சொன்னா சரியாத்தான் இருக்கும்," என்று கணினியை அழிக்கத் தேவையானதை எல்லாம் எடுத்து வைத்தாள். ஆனாலும் மனசு வரவில்லை. கடைசியாக ஒன்று பார்க்கலாம் என்று, கணினிக்குள் செயலி ஓடுவதற்கென்றே ஒதுக்கியிருக்கும் 'தொகுதி'யைத் திறந்தாள். அது நின்று போயிருந்தது. ஓடவிட்டாள், ஓடியது. உலாவியில் பக்கத்தைத் திறந்ததும் மறுபடி நின்றுவிட்டது. மூன்று முறையும் அப்படியே.

"இது டீபக்கர் கோளாறே இல்லடி," என்றாள் நிமிர்ந்து உட்கார்ந்து. "ஒரு யூசர் கணக்கோட பேர்லதான இது ஓடணும்? அந்தக் கணக்கால உள்ள நுழைய முடியல. அதான் கதவத் திறந்த உடனே சாத்திக்குது."

நிறுவனத்தின் கணினிக் கணக்குகளையும் கடவுச்சொற்களையும் பார்த்துக்கொள்கிற ஜுன்ரேயைத் தொலைபேசியில் கூப்பிட்டாள். நல்ல பையன், எங்களை அக்கா என்ற பொருளில் 'ஆத்தே' என்பான், நாங்கள் அவனைத் தம்பி என்ற பொருளில் 'டோங்' என்போம். ஒலிபெருக்கியில் போட்டதால் எனக்கும் கேட்டது.

"டோங், கப்பல் செயலியோட டெவலப்மென்ட் கணக்குக்குப் பாஸ்வேர்ட் மாத்தினியா?"

"மாத்தல ஆத்தே. அந்தக் கணக்கையே எடுத்துட்டோமே."

"எடுத்துட்டியா? யாரக் கேட்டு?"

"ஆத்தே... உங்களுக்குச் சொல்லலையா? பழைய கப்பல் செயலியில இனிமே புது வேலை எதுவும் கிடையாது, புதுசு வரப்போகுதுன்னு சொன்னாங்க. ஜனங்க டிக்கெட் எடுக்கிற சர்வர் மட்டும் அதுவரைக்கும் ஓடட்டும், மத்ததை எடுத்துடுன்னாங்க."

"யார் சொன்னது?"

"ரோல்டன் சார்தான். உங்களுக்குத் தெரியும்னுதான் நான் நெனச்சேன். நீங்க ரெண்டு பேரும் தினம் ஒண்ணாத்தான சாப்பிடுறீங்க."

டெல்ஃபினா தொலைபேசியை வைத்தாள். எழுந்து படிக்கட்டுப் பக்கம் நடந்தாள். எனக்குப் பயமாக இருந்தது, பின்னாலேயே போனேன்.

மேல்மாடியில் ரோல்டன் குழுவின் பெரிய திரையில் ஒரு கப்பலின் தளம் விரிந்திருந்தது. பெண்கள் பகுதிக்கு ஊதா, குடும்பங்களுக்குப் பச்சை. அவள் தேர்ந்த நிறங்கள். ஓரத்தில் ஒரு வரி: சேவலுக்குக் கட்டில் கிடையாது, சரக்கு அறைக்கு அனுப்பவும். அந்த வரியை அவள் வேடிக்கையாக எழுதியிருந்தாள். அவசரத்தில் ஒரு எழுத்தை விட்டிருந்தாள். புதிய திரையிலும் அந்த எழுத்து இல்லை.

ரோல்டன் எழுந்து வந்தான். "மாரே, வா, உள்ள உக்காந்து பேசலாம்."

"ஹோட்டல்னு சொன்னியே கும்பாரே. இது எந்த ஊரு ஹோட்டல்? சேவலெல்லாம் ரூம் கேக்குது?"

சுற்றியிருந்த பையன்கள் திரையைப் பார்ப்பதுபோல் குனிந்துகொண்டார்கள்.

"வெளியில சொல்லக் கூடாதுன்னு கையெழுத்து வாங்கிட்டாங்க. நான் என்ன பண்ணட்டும்? சமயம் வரும்போது உனக்கு நானே சொல்லலாம்னு இருந்தேன்."

"சரி, அதுக்குக் கையெழுத்து வாங்கினாங்க. என் மெஷினை அழிக்கச் சொன்னியே, அதுக்கும் வாங்கினாங்களா?"

அவன் ஒரு நாற்காலியை அவள் பக்கம் இழுத்துப் போட்டான். அவள் விடவில்லை.

"செயலி ஏன் திறக்கலைன்னு மத்தியானம் உனக்குத் தெரியும். கோழியத் தின்னுக்கிட்டே என் மூஞ்சியப் பாத்து மெஷின் பழசுன்ன."

"இந்தப் புயலுக்குப் பழசு சரியா வேலை செஞ்சிட்டா கப்பல்காரங்க மனசு மாறிடுவாங்க, மாரே," என்றான் தாழ்ந்த குரலில். "புதுசு எதுக்குன்னு ஏற்கெனவே இழுத்துக்கிட்டிருக்காங்க. இந்தப் பையனுங்க வேலை எல்லாம் இதை நம்பித்தான் இருக்கு."

"அதுக்காக ஜனங்க படிக்கட்டுல உக்காந்து போகட்டும்?"

"உன்னையும் என் குழுவுல சேர்த்துக்கத்தான் பேசி வச்சிருக்கேன். உன்னைக் கைவிடுவேனா?"

அவள் முகம் அப்போதுதான் உண்மையாக மாறியது. ஏமாற்றியதைவிட, அதற்குப் பிறகு அடைக்கலம் தருகிறேன் என்று சொன்னதுதான் அவளுக்குப் பொறுக்கவில்லை என்று நினைக்கிறேன். "நீ கேட்டிருந்தா நானே மேல வந்து எல்லாத்தையும் சொல்லிக் குடுத்திருப்பேனே, ரோல்டன்," என்றாள். அவனைப் பெயர் சொல்லி அழைத்து நான் அதற்கு முன் கேட்டதில்லை. திரும்பி நடந்தாள்.

அவள் பையை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போய்விடுவாள் என்று நினைத்தேன். மேசைக்கு வந்து உட்கார்ந்து, மூக்கைச் சிந்திவிட்டு, ஜுன்ரேயை மறுபடி கூப்பிட்டாள்.

"டோங், அந்தக் கணக்கைத் திருப்பிக் குடுப்பியா?"

"என்னால முடியாது ஆத்தே, என் வேலை போயிடும். ஆனா..." அவன் தயங்கினான். "உங்க மெஷின்ல உங்க கணக்கைப் போட்டு ஓட விட்டா நான் யாரு கேக்குறதுக்கு?"

செத்துப்போன கணக்கை எடுத்துவிட்டுத் தன் பெயரையும் கடவுச்சொல்லையும் கொடுத்தாள். தொகுதி ஓடியது. பக்கம் திறந்தது, நிற்கவில்லை. டீபக்கர் பொத்தானை அழுத்தினாள். அவள் குறித்து வைத்திருந்த வரியில் நிரல் வந்து நின்றது. வேறொரு நாளாக இருந்திருந்தால் இரண்டு பேரும் கைதட்டியிருப்போம்.

பிழை சாயங்காலத்துக்குள் கிடைத்துவிட்டது. நிறுத்தப்பட்ட இரண்டு கப்பல்களின் பயணிகளை ஒரே நேரத்தில் மூன்றாவது கப்பலுக்கு மாற்றும்போது, இரண்டு கூட்டமும் ஒரே காலிக் கட்டிலைப் பார்த்து, இரண்டுமே அது தனக்கு என்று எழுதிக்கொண்டது. ஒரு கூட்டம் எழுதி முடிக்கும்வரை அடுத்தது காத்திருக்கும்படி மாற்றினாள். நான் பத்து விதமாக உடைத்துப் பார்த்தேன், உடையவில்லை.

பயணிகள் பயன்படுத்தும் சர்வரில் அதை ஏற்ற மேலாளர் ஹெர்மினியா மேடத்தின் அனுமதி வேண்டும். மேடம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"இன்னும் கொஞ்ச நாள்ல எடுக்கப்போற செயலி, டெல்ஃபினா. இதுக்கு இவ்வளவு தேவையா?"

"அப்ப உங்களுக்கும் தெரியும்."

மேடம் துடைப்பதை நிறுத்தினார். "எனக்குத் தெரியாம எப்படி நடக்கும்?"

"சரி மேடம். ஏத்தலாமா, வேண்டாமா? வேண்டாம்னா துறைமுகத்துலேர்ந்து வர்ற போனை நீங்களே எடுங்க."

மேடம் கையெழுத்துப் போட்டார்.

புயல் வந்தது, கப்பல்கள் நின்றன, பிறகு புறப்பட்டன. அந்த முறை யாருக்கும் யாரோடும் கட்டிலுக்காகச் சண்டை இல்லை. துறைமுகத்திலிருந்து ஒரு தொலைபேசியும் வரவில்லை. எங்கள் வேலையில் பாராட்டு என்பது அதுதான்.

ஆனால் ரோல்டன் பயந்தது நடக்கவில்லை. கப்பல் கம்பெனி மனம் மாறவில்லை. மழைக்காலம் முடிந்ததும் புதிய செயலி வந்தது, நன்றாகவே ஓடியது. ஏன் ஓடாது? அவளுக்குத் தெரிந்தது எல்லாம் அதற்குள் இருந்தது. புயல் பிழைக்கு அவள் செய்த மாற்றத்தையும் அவர்கள் எடுத்துப் போட்டுக்கொண்டார்கள். சோதித்துப் பார் என்று என்னிடம்தான் வந்தது. அதை டெல்ஃபினாவிடம் சொன்னேன். "நல்லது. யாரும் படிக்கட்டுல உக்கார மாட்டாங்க," என்றாள். கொஞ்சம் கழித்து, "ஆனா எரியுதுடி," என்றாள்.

ரோல்டனின் குழுவில் இடம் இருக்கிறது என்று மேடம் முறையாகக் கேட்டார். அவள் மறுத்துவிட்டு வேலையை விட்டாள். இப்போது பக்கத்து ஊரான தலிசாயில் ஒரு குடிநீர் வாரியத்துக்கு வீட்டிலிருந்தே செயலி எழுதுகிறாள். சம்பளம் குறைவு. யாரோடும் மதியச் சாப்பாடு இல்லாதது நிம்மதியாக இருக்கிறது என்கிறாள். அது உண்மைதானா என்று எனக்குத் தெரியவில்லை. அந்த ஒரு மணி நேரத்தில்தான் அவள் அதிகம் சிரிப்பாள்.

ட்ரிக்ஸியாவுக்கு இதெல்லாம் சொல்லவில்லை. ஞானத்தகப்பன் ஏன் பிறந்தநாளுக்கு வரவில்லை என்று பிள்ளை கேட்டபோது, அவருக்கு வேலை அதிகம் என்று சொல்லியிருக்கிறாள். "ஞானஸ்நானத்தைத் திருப்பி வாங்க முடியுமா? அவன் அவளுக்குத் தகப்பன்தான். எனக்குத்தான் ஒண்ணுமில்ல," என்றாள் என்னிடம்.

போன மாதம் ஞாயிற்றுக்கிழமைப் பூசையில் ரோல்டன் இரண்டு வரிசை முன்னால் நின்றிருந்தானாம். ஒருவருக்கொருவர் கைகொடுத்துச் சமாதானம் சொல்லிக்கொள்ளும் நேரத்தில் திரும்பியவன் இவளைப் பார்த்துவிட்டான். கை நீட்டுவதா வேண்டாமா என்று திணறிவிட்டு நீட்டினான். பிள்ளை பார்த்துக்கொண்டிருந்தாள்.

"குடுத்தியா?" என்று கேட்டேன்.

"குடுத்தேன். கோயிலாச்சே," என்றாள் டெல்ஃபினா. "வெளிய வந்து பேச நின்னான். நான் ஜீப்னி வண்டில ஏறிட்டேன்."