துருவுக்கு அடியில் ஓர் எண்

கும்மிடிப்பூண்டியில் ஓர் உருக்காலையில் பழைய இரும்பைத் தரம் பிரிப்பது என் வேலை. வெளிநாட்டிலிருந்து வரும் கன்டெய்னரைக் கொட்டியதும் பித்தளை, ரப்பர், மூடிய சிலிண்டர் என்று உலைக்கு ஆகாததையெல்லாம் நாங்கள் எட்டுப் பெண்கள் பொறுக்கி ஒதுக்குவோம். மூன்று வருடங்களுக்கு முன் ஒரு நாள், அப்படிப் பொறுக்கும்போது கைத்துப்பாக்கி ஒன்றின் அடிப்பாகம் கிடைத்தது. மேல்பாகம் இல்லை, முழுக்கத் துரு. சூப்பர்வைசர் துறைமுகத்துக்குப் போயிருந்தார். வந்ததும் கொடுக்கலாம் என்று துண்டில் சுற்றிப் பையில் வைத்தேன். பொன்னேரிக்கு ரயில் பிடிக்கும் அவசரத்தில் மறந்தே போய்விட்டேன்.

கேட்டில் பையைத் திறந்த செக்யூரிட்டி பதறிவிட்டார்.

"இன்னாக்கா இது? துப்பாக்கிய ஊட்டுக்கு எடுத்துகினு போற?"

போலீஸ் வந்தது. இது நாட்டுத் துப்பாக்கி, உன் வீட்டு ஆள் யாரோ கொடுத்திருக்கிறான் என்றார் இன்ஸ்பெக்டர். லோடில் கிடைத்தது என்று நான் அழுததை அவர் காதில் வாங்கவில்லை. காலையில் திரும்ப வரச் சொல்லி அனுப்பினார்.

மறுநாள் போலீஸ் ஆயுதக் கிடங்கிலிருந்து ஓர் ஏட்டு வந்தார். துப்பாக்கிகளைப் பழுது பார்ப்பவர். மண்ணெண்ணெயில் பிரஷ்ஷைத் தொட்டு மெல்லத் தேய்த்தார். லென்ஸ் வைத்துப் பார்த்தார். பிறகு என்னையே கூப்பிட்டுக் காட்டினார்.

"பாரும்மா, இது கம்பெனி முத்திரை. ஏமாத்தறதுக்குப் பின்னால வெட்டுனதுன்னா எழுத்துக்குள்ள இரும்பு புதுசா தெரியும். இதுல வெளிய கீற அதே துரு எழுத்துக்குள்ளயும் கீது. பக்கத்துல சின்னதா கீதே, அது மிலிட்டரில செக் பண்ணிட்டு குத்துன முத்திரை." இன்ஸ்பெக்டரிடம் திரும்பினார். "நாட்டுத் துப்பாக்கி இல்ல சார். பழைய சண்டைக் காலத்து வெளிநாட்டு பிஸ்டல்."

"சரி, லோடுலதான் வந்துச்சுன்னு எப்டி நம்பறது?"

"இதுல நம்பர் கீது சார், கடைசில நாலு ஒண்ணு ஏழு. மேல்பாகத்துலயும் அதே நம்பர் இருக்கணும். அந்தக் குவியல்ல தேடிப் பாக்கலாம்."

நல்லவேளை, அந்தக் குவியல் இன்னும் உலைக்குப் போகவில்லை. ஆர்.கே.பேட்டைக்காரரான கிரேன் டிரைவர் காந்தத்தால் கொஞ்சம் கொஞ்சமாக அள்ளிப் பரப்பினார். என்னோடு வேலை செய்யும் ஏழு பேரும் சாப்பாட்டைக்கூட மறந்து வெயிலில் கிளறினார்கள். "நீ குந்துக்கா, நாங்க பாக்கறோம்" என்றார்கள். எனக்கு உட்கார மனம் வரவில்லை. மூன்று மணி வாக்கில் அவர்களில் வள்ளூரிலிருந்து வருகிறவள் நீளமாக ஒரு துருப்பிடித்த இரும்புத் துண்டைத் தூக்கிக் காட்டினாள்.

ஏட்டு அங்கேயே மண்டியிட்டுத் தேய்த்தார். நாலு, ஒன்று, ஏழு. அந்த இரும்பின் மேலேயே உட்கார்ந்து அழுதேன்.

இன்ஸ்பெக்டர் எழுதி வாங்கிக்கொண்டு, "இனிமே இந்த மாதிரி எது கெடைச்சாலும் தொடாத, ஆள கூப்பிடு" என்று விட்டுவிட்டார். கை கழுவிக்கொண்டிருந்த ஏட்டைக் கும்பிட்டேன்.

"எனக்கு எதுக்கும்மா? வெயில்ல காஞ்சது அவங்கதான்" என்றார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை எல்லோரையும் எங்கள் வீட்டுக்குச் சாப்பிட அழைத்தேன். மீன் குழம்பு, வறுவல். ஏட்டய்யாவும் மனைவியோடு வந்தார். சங்கோஜமே இல்லாமல் இரண்டாம் முறையும் குழம்பு கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.