கட்டைவிரல் கட்டு

நீங்கள் நம்பாவிட்டாலும் இது நடந்தது. 1943, திண்டிவனம்.

அப்பா வீடு கிறிஸ்தவம். அம்மா வீடு இந்து. என்னை வளர்த்தவர் அப்பாவின் அப்பா ராயப்பன். என் மகள் அம்சாவுக்கு ஞானஸ்நானம் கொடுக்கவில்லை என்று, சாகும்வரை அவளை அவர் தொடவில்லை.

உயிர் போனதும் கால்கள் விலகிக்கொள்ளும். விறைத்தால் அப்படியே நின்றுவிடும். அதனால்தான் இரண்டு கட்டைவிரலையும் சேர்த்துக் கட்டுவார்கள். தாத்தாவுக்கு என் வேட்டியைக் கிழித்து நான் கட்டினேன்.

கட்டியதை அவிழ்க்க வேண்டும். இரு வீட்டிலும் அதே வழக்கம்; நேரம்தான் வேறு. அம்மா வீட்டில் சுடுகாட்டில், கடைசியாக. அப்பா வீட்டில் பெட்டி மூடுவதற்கு முன்பே. கல்லறையில் அவிழ்க்கலாம் என்று இருந்துவிட்டேன். பெட்டிக்கு வீட்டிலேயே ஆணி அடித்துவிட்டார்கள்.

"அத்தே, கட்டு அவுக்கல."

சவுரியம்மாள் அத்தை முறைத்தாள். "ஆணி அடிச்சப்புறம் சொல்றியா? உங்கம்மா வூட்டு புத்தி. கம்முனு வா, ஊரு பாக்குது."

மூன்றாம் நாள், மாலை ஆறு நாற்பது. மனைவி பாஞ்சாலி கிணற்றடியில். அம்சா உள்ளறைத் தூளியில் தூங்கினாள். நான் பின்புறம் விளக்குக் கண்ணாடி துடைத்துக்கொண்டிருந்தேன்.

வாசலில்... தொப்.

கொஞ்சம் பொறுத்து... தொப்.

நடந்தால் இரண்டு சத்தம் வரும், இடது, வலது. நொண்டினாலும் இரண்டுதான். இது ஒன்று. இரண்டு காலும் சேர்ந்து விழுகிற சத்தம்.

புரிந்தது.

"தாத்தா... நான் வந்து அவுக்கறேன். புள்ளைய விட்டுடுங்க."

தொப். உள்ளறை.

ஓடினேன். கதவு திறக்கவில்லை. அதற்குத் தாழ்ப்பாளே கிடையாது.

தூளிக் கயிறு... கிறீச்... கிறீச்...

துணி கிழிந்தது.

ஆறு ஐம்பத்திரண்டு. கதவு தானாகத் திறந்தது.

அம்சா விழித்திருந்தாள். அழவில்லை.

அவள் கால் கட்டைவிரல்கள் சேர்த்துக் கட்டியிருந்தன. என் வேட்டித் துணி. ஈரமண். நான் போட்ட அதே முடிச்சு.

பல்லால் அவிழ்த்தேன்.

எட்டாம் நாள் கல்லறையைத் தோண்டினோம். தோண்டச் சொன்னது அத்தைதான். பதினோரு ஆணியும் அடித்தபடியே இருந்தன. பிடுங்கினேன்.

தாத்தாவின் கால்களில் கட்டு இருந்தது. ஆனால் சிவப்புத் துணி. எங்கள் தூளிப் புடவையின் கரை.

அந்த மாதிரி முடிச்சை நான் பார்த்ததில்லை. இழுத்தேன். இறுகியது. அப்போது விழுப்புரம் வண்டி ஊதியது. மறுபடி இழுத்தேன். இன்னும் இறுகியது. கத்தியை வைத்தேன். நூல்கூட அறவில்லை. அப்படியே மூடினோம்.

வீட்டில் பாஞ்சாலி பிள்ளையை மடியில் போட்டு உட்கார்ந்திருந்தாள்.

"வண்டி ஊதறப்ப வீறிட்டுச்சு. ரெண்டு காலும் ஒட்டிக்கினு பிரியவே இல்ல. எங்க போயிருந்த?"

பிள்ளையை வாங்கி மார்பில் போட்டுக்கொண்டேன்.

அம்சாவுக்கு இப்போது நான்கு வயது. அந்த வண்டி வரும் நேரத்தில் அவளை நாங்கள் தரையில் விடுவதில்லை. விட்டால் ஒரே சத்தம்தான்... தொப்.