நண்பரைப் பார்க்க

கொழும்புத்துறையில் நாங்கள் இருக்கும், பெரிய மதில் போட்ட வீட்டுத்தொகுதிக்குள் மீன்காரர் வரக்கூடாது. விருந்தாளிகள் வரலாம்.

எனக்கு மீன் கொண்டுவரும் மீன்காரருக்கு இது போதுமாக இருந்தது. அறுபது தாண்டிய, மெலிந்த மனிதர். சைக்கிளை மதிலில் சாத்திவிட்டு, சாரத்துக்கு மேல் ஒரு வெள்ளைச் சட்டை மாட்டுவார். காதில் செருகிய சொந்தப் பேனையை எடுத்து, காவலாளியின் புத்தகத்தில் என் வீட்டு இலக்கத்துக்கு நேரே 'நண்பரைப் பார்க்க' என்று எழுதுவார். கையில் புடவைக்கடைப் பை, உள்ளே விளைமீன். காவலாளி மூக்கைப் பொத்திக்கொண்டு வழிவிடுவார். அவருக்கும் ஒரு மீன் உண்டு.

ஒரு வெள்ளிக்கிழமை அதே சட்டையோடு வந்து நின்றார். வெள்ளியில் என் வீட்டில் மச்சம் சமைப்பதில்லை என்பது அவருக்குத் தெரியும்.

"இண்டைக்கு ஆர் அண்ணை மீன் வாங்கிறது?" என்றேன்.

வெறுங்கைகளை விரித்துக் காட்டினார். "ஏன், மீன் இல்லாட்டி உள்ளை விடமாட்டியளோ?"

இரண்டு தேத்தண்ணி குடித்தார். என் ரோசாச் செடியைக் காயவிட்டதற்கு என்னை ஏசினார். வாசல்வரை போய் வழியனுப்பிவிட்டு வந்தேன்.

காவலாளி என்னை ஓரமாகக் கூப்பிட்டார்.

"ஐயா, கவனமா இருங்கோ. அந்தாள் இண்டைக்குப் பை ஒண்டும் கொண்டுவரேல்லை. எனக்குச் சந்தேகமாக் கிடக்கு."