அப்பா சொல்லாத பெயர்கள்

அப்பா மறைந்து ஓராண்டு நிறையும் இந்நாளில் இந்த நினைவு மலரைக் கையில் ஏந்தியிருக்கும் உறவினர்களே, அப்பாவின் சங்கத் தோழர்களே! ஒரு மனிதரின் வாழ்க்கையை எழுதுவோர் அவர் பிறந்த இடத்திலிருந்து தொடங்குவதே முறை. அந்த முறைப்படி தொடங்கவும் அப்பா எனக்கு இடம் தரவில்லை.

"நீங்க பம்மல்ல எந்தத் தெருவுலப்பா பொறந்தீங்க?" என்று ஒருமுறை கேட்டேன்.

"அந்தத் தெருவே இப்ப இல்ல பாப்பா. இன்னாத்துக்கு அது உனுக்கு?"

பேச்சு மேடைகளில் எதிரணியினரைத் திணறடித்துப் பழகியவள் நான். என் வீட்டில், என் எதிரே அமர்ந்து இட்லி உண்ட ஒருவரிடம் ஒரு தெருப் பெயரைப் பெற இயலவில்லை.

எங்களுக்குத் தெரிந்தவை இவ்வளவே. அப்பா மீசை அரும்பும் வயதில் தோல் ஆலைக்கு வேலைக்குப் போனார். சுண்ணாம்புத் தொட்டியில் வெறுங்காலோடு இறங்கித் தோல்களைப் புரட்டும் வேலை. காலும் கையும் வெந்து புண்ணாகும். "மாட்டுத் தோலுக்கு இருக்கிற மதிப்பு மனுசன் தோலுக்கு இல்லையா?" என்று கேட்டதற்காக முதல் வேலையை இழந்தார். அடுத்த ஆலையில் சங்கம் அமைத்தார், வேலைநிறுத்தம் செய்தார், தொழிலாளர் கால்களுக்கு ரப்பர் பூட்ஸ் வாங்கித் தந்தார். அந்தப் பூட்ஸ் தம் கால்களுக்குப் பொருந்தவில்லை என்பதையும் யாரிடமும் சொல்லவில்லை.

பிறகு நெருக்கடி நிலை வந்தது. வேலைநிறுத்தம் குற்றமாயிற்று, சங்கத்தார் சிறை சென்றனர். அப்பா தலைமறைவானார். பம்மலுக்கும் குன்றத்தூருக்கும் இடையே வீடு மாற்றி வீடு தங்கித் துண்டறிக்கைகளைக் கொண்டுபோய்ச் சேர்த்தார். இடம் தந்தவர் எவர் பெயரையும் எக்காரணம் கொண்டும் வெளியே விடுவதில்லை என்பது அவர்களுக்குள் இருந்த ஒரே சட்டம். ஒருநாள் பிடிபட்டார். இடது கையில் இரண்டு விரல்கள் அதன்பின் மடங்கவே இல்லை. ஒரு பெயரும் வெளிவரவில்லை. இதை நாங்கள் அறிந்ததும் அவருடன் சிறையிலிருந்த தோழர் சொல்லித்தான்.

இது பெருமைதானே என்பீர்கள். பெருமைதான், மறுக்கவில்லை. ஆனால் நாடெங்கும் விலக்கிக்கொள்ளப்பட்ட நெருக்கடி நிலை, சேலையூரில் எங்கள் வீட்டில் மட்டும் இறுதிவரை நீடித்ததே! அதை யாரிடம் முறையிடுவது?

"எங்க போறீங்க?" என்பார் அம்மா. "வெளிய" என்பார் அப்பா. பள்ளி ஆசிரியையான அம்மாவுக்கு ஒற்றைச் சொல் விடை என்றாலே ஆகாது. ஒருமுறை அப்பா பெரிய பலாப்பழத்தைத் தோளில் சுமந்து வந்தார்.

"யார் குடுத்தது?"

"மரம்."

"மரமே நடந்து வந்து கையில குடுத்துச்சா?"

அப்பா சிரித்தார்.

சில நாள்களில் காலையில் சொல்லாமல் கிளம்பி, மாலையில் தலை ஈரத்தோடு திரும்புவார். அம்மா அன்று எதையும் கேட்கமாட்டார். அப்பாவுக்கு ஒருகாலத்தில் இடம் தந்தவர்களுள் ஒருவர் இறந்துவிட்டார் என்றும், இறுதிச் சடங்கு முடித்துத் தலைமுழுகி வருகிறார் என்றும் நான் வளர்ந்த பிறகே புரிந்துகொண்டேன். புரிந்ததும் சண்டைக்குப் போனேன்.

"செத்துப்போனவங்க பேரையாவது சொல்லுங்கப்பா. அவங்கள இனிமே யாரு வந்து புடிச்சிக்கிட்டுப் போகப்போறாங்க?"

"அவங்களுக்குப் புள்ளைங்க கீதும்மா."

அந்தப் பிள்ளைகளின் கைகளைப் பற்றி நன்றி சொல்ல வேண்டும் என்பதே என் ஆசை. அவர்கள் கதவு திறந்திராவிட்டால் நான் இல்லை. இந்த எளிய நியாயம் அவரிடம் எடுபடவே இல்லை.

நெஞ்சுவலியையும் மறைத்தார். மருத்துவமனையில், "எவ்ளோ நாளா வலிக்குது?" என்று கேட்ட மருத்துவரிடம், "இப்பதான் சார்" என்றார். அம்மா தலையில் அடித்துக்கொண்டார். மருத்துவர் பொறுமையிழந்து, "பெரியவரே, நான் போலீஸ் இல்ல, டாக்டர்!" என்றார். அப்பா அதற்கும் சிரித்தார்.

அங்கேயும் நான் விடவில்லை. "எனக்கு மட்டும் சொல்லுங்கப்பா" என்றேன்.

"நீ மேடையில பேசுற பொண்ணு. உன்கிட்ட சொல்றதும் ஒன்னுதான், மைக்ல சொல்றதும் ஒன்னுதான்."

அதுவே எங்கள் கடைசி வாக்குவாதம். தீர்ப்பு வருமுன் அவையைக் கலைத்துவிட்டுப் போய்விட்டார்.

இறுதி மரியாதையின்போது முதிய அம்மையார் ஒருவர் வந்தார். மாலை இல்லை, அழுகை இல்லை. மடங்காத அந்த இரண்டு விரல்களைச் சிறிது நேரம் பிடித்திருந்துவிட்டு வெளியேறினார். நான் தெருமுனை வரை ஓடினேன்.

"அம்மா, நீங்க யாரு?"

"தெரிஞ்சவங்கதான் கண்ணு."

"பேரு சொல்லுங்கம்மா."

"உங்கப்பா சொல்லலையா?"

"கடைசி வரைக்கும் சொல்லலம்மா."

அவர் முகம் மலர்ந்தது. "அப்ப நான் மட்டும் இன்னாத்துக்குச் சொல்லணும்?" என்றவர், பம்மல் செல்லும் ஷேர் ஆட்டோவில் ஏறிவிட்டார்.

இம்மலருக்கான வேலை தொடங்கியபோது, அம்மாவின் தம்பியான என் மாமா சொன்னார்: "பம்மல்ல நமக்கு ஆளுங்க இருக்காங்க. விசாரிச்சா அந்தம்மா யாருன்னு ஒரு நாள்ல தெரிஞ்சிடும். நன்றி சொல்ற எடத்துல முதல் பேரா போட்டுடலாம்."

"வேணாம் மாமா."

"இன்னாடி இது? பேரு, பேருன்னு உங்கப்பா உசுர வாங்குனது நீதான?"

அந்த அம்மையார் மலர்ந்த முகத்தோடு ஆட்டோவில் ஏறியதுதான் கண்முன் நின்றது. அப்பாவின் மீது இன்றும் கோபம் இருக்கிறது. அவர் காத்ததை அவர் பெயராலேயே அச்சிட்டுக் கொடுக்க மனம் வரவில்லை.

ஆகவே மருத்துவருக்கும் செவிலியர்க்கும், தோள் கொடுத்த தோழர்களுக்கும், அடுப்பெரியாத எங்கள் வீட்டுக்குச் சோறு கொணர்ந்த அண்டை வீட்டாருக்கும், அலைந்து திரிந்து இம்மலரை அச்சேற்றிய மாமாவுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

அப்பாவுக்குக் கதவு திறந்தவர்களே, அவர்களின் பிள்ளைகளே! இம்மலர் எவர் கைவழியாகவேனும் உங்களை வந்தடையும். எந்த ஆண்டாயினும் நினைவு நாள் மதிய உணவுக்குச் சேலையூர் வீட்டுக்கு வாருங்கள். பந்தியில் எங்களோடு அமருங்கள். நீங்கள் யாரென்று அம்மா கேட்கமாட்டார். நானும் கேட்கமாட்டேன்.