அதிகாரி என்ன பேசினார்?

கேட்பாரற்றுக் கிடக்கும் பழைய படச்சுருள்களைத் தேடிப் பிடித்து, துடைத்து, கணினியில் ஏற்றி, அவற்றில் இருப்பது யார், எந்த ஊர் என்று கண்டுபிடிப்பது என் வேலை. பெரும்பாலும் திறப்பு விழாக்கள்தான் கிடைக்கும். ரிப்பன் வெட்டும் கைகளை இவ்வளவு பார்த்தவள் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

ஒருநாள் புளித்த காடி வாடையோடு ஒரு தகர டப்பா வந்தது. மேலே 'புதூர்நாடு' என்று மட்டும் எழுதியிருந்தது. உள்ளே ஒலியில்லாத படம். கோட்டு போட்ட அதிகாரி ஒருவர் பாறைமேல் நின்று பேசுகிறார். எதிரே மலை ஜனங்கள் உட்கார்ந்து கேட்கிறார்கள். திடீரென்று அத்தனை பேரும் விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். அதிகாரி மட்டும் சிரிக்காமல், கையை ஆட்டி ஆட்டிப் பேசிக்கொண்டே போகிறார். அத்தோடு படம் முடிகிறது. அந்தச் சிரிப்புக்குக் காரணம் தெரியாமல் எனக்கு வேறு வேலை ஓடவில்லை.

ஜீப் பிடித்துப் புதூர்நாட்டுக்கு மலை ஏறினேன். ஊர்ப் பெரியவர்களைக் கூட்டி, பள்ளிக்கூட அறையின் ஜன்னல்களைப் போர்வையால் மூடிவிட்டு, சுவரில் படத்தைப் போட்டேன். முன்னால் உட்கார்ந்திருந்த, எழுபதைத் தாண்டிய ஓர் அம்மா சுவரைக் காட்டி, "வாயப் பொத்திக்கினு சிரிக்குது பாரு, அது நான்தான்" என்றார்.

"ஏன் சிரிச்சீங்க?"

"அத இவர கேளும்மா" என்று பக்கத்திலிருந்த கணவரைக் காட்டினார். அவர் ரொம்ப அக்கறையாகக் கூரையைப் பார்த்தார்.

கடைசியில் அந்த அம்மாவே சொன்னார். "வடநாட்டு ஆபீசரு. இங்கிலீசுல பேசினாரு. இவரு மலைக்குக் கீழ செங்கத்துல கொஞ்ச நாளு கடையில இருந்தவரு. இங்கிலீசு தெரியும்னு போய், படத்துல வுழாம ஓரமா நின்னுக்கினு எங்களுக்கு எடுத்துச் சொன்னாரு. இன்னா சொன்னாரு தெரியுமா? ஆபீசருக்கு வூட்ல பொண்டாட்டி தொல்லை தாங்கலயாம். இங்கயே ஒரு வூடு கட்டிக் குடுத்தா சாமை அரிசிச் சோறு தின்னுட்டு கெடப்பாராம்."

"உங்களுக்கு இங்கிலீஷ் தெரியுமாங்க?" என்று அவரைக் கேட்டேன்.

"'யெஸ்' தெரியும்மா. அவரு நிறுத்துற எடத்துல எல்லாம் அதச் சொல்லிடுவேன். அவருக்கும் சந்தோஷம்."

"நான் சிரிச்சத எங்கப்பா பாத்துட்டாரு. மறு வருஷம் இவருக்கே கட்டிக் குடுத்துட்டாரு" என்றார் அந்த அம்மா.

கணவரை மறுபடி பேசவைத்துப் பதிவு செய்ய ஆசைப்பட்டேன். முதலில் கூச்சப்பட்டார். பிறகு சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டு சுவரோரம் போய் நின்றார். படத்தில் அதிகாரி கையை ஆட்ட, இவரும் ஆட்டினார். "உங்க ரோட்டுல வந்ததுல என் இடுப்பு வழியில எங்கயோ வுழுந்துடுச்சி. யாராவது பாத்தா எடுத்து வைங்கன்றாரு."

"அன்னிக்கு இதச் சொல்லலியே" என்றார் மனைவி.

"ஆபீசரு மட்டும் அன்னிக்கு நான் சொன்னதையா சொன்னாரு?"

அறையே சிரித்தது. படத்தைத் திரும்பத் திரும்பப் போடச் சொன்னார்கள். ஒவ்வொரு முறையும் புதிதாக ஒரு பேச்சு.

இடுப்பு தொலைந்த பேச்சைத்தான் படத்தோடு சேர்த்தேன். கேட்டுவிட்டு என் மேலதிகாரி, "இது அந்த ஆபீசரோட உண்மையான பேச்சா?" என்றார்.

"மொழிபெயர்ப்பு சார்" என்றேன்.

தலையாட்டிவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.