டொன் நதிக்கரை மருமகள்

எழுபதுகளின் நடுவில், ஒரு மார்கழி மாதம், அச்சுவேலியில் நடந்தது இது. அப்போது நான் பள்ளிக்கூடத்தில் புவியியல் படிப்பித்துக்கொண்டிருந்தேன்.

பக்கத்து வீட்டு மகன் சோவியத் நாட்டில் பொறியியல் படித்து, அங்கேயே திருமணம் செய்து மனைவியோடு திரும்பியிருந்தார். அவள் டொன் நதிக்கரைக் கிராமத்துப் பெண். தமிழ் மெல்ல மெல்லப் பிடிபட்டுக்கொண்டிருந்தது. மாமியார் அவளைக் குறை சொன்னதில்லை. ஆனால் தேவைக்கு மேல் ஒரு வார்த்தை கதைத்ததும் இல்லை.

ஒருநாள் காலை அந்த மாமியார் வேலியருகே வந்து என்னைக் கூப்பிட்டார். மருமகளின் தகப்பன் இறந்துவிட்டதாகத் தந்தி வந்திருந்தது. மகனோ கொழும்பில் வேலையில். அவள் செத்தவீட்டுக்குப் போய்ச் சேரவும் வழியில்லை.

"பிள்ளை சாப்பிடுறாளில்லை, ரீச்சர். ஆத்தடிக்குப் போகவேணும் எண்டு அழுகிறாள். இஞ்சை ஆத்துக்கு நான் எங்கை போறது?"

மழைக்காலத்தில் மட்டும் ஓடும் வழுக்கையாறு எனக்கு நினைவுக்கு வந்தது. வாடகைக் கார் பிடித்து மூவரும் நவாலிப் பக்கம் போனோம். வயல்களுக்கு நடுவே, ஒரு பெரிய வாய்க்கால் அளவில், கலங்கல் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. இதைப் போய் ஆறென்று காட்டுகிறோமே என்று எனக்குக் கூச்சமாக இருந்தது.

அவள் செருப்பைக் கழற்றிவிட்டு முழங்காலளவு நீரில் இறங்கி நின்றாள். அப்படியே நின்றபடி தன் ஊர் ஆற்றைப் பற்றிக் கதைக்கத் தொடங்கினாள். மரமே இல்லாத ஸ்தெப்பிப் புல்வெளி வழியாக அவர்களுடைய ஆறு அவசரமில்லாமல் வருமாம். குளிர்காலத்தில் உறைந்து, மேலே வண்டி போகுமாம். வசந்தத்தில் பனிக்கட்டி வெடித்து, கரையோரமெல்லாம் வெள்ளம் ஏறுமாம். குதிரைகளோடு அந்தக் கரைகளில் குடியேறிய கொசாக்குகளின் வழிவந்தவர் அவளுடைய தகப்பன்.

"எங்கடை ஊரிலை அந்த ஆத்தை அப்பா எண்டுதான் கூப்பிடுறது," என்றாள்.

நான் வருடக்கணக்காகப் படிப்பித்த நதி. அதை ஊரார் எப்படிக் கூப்பிடுவார்கள் என்று அன்றுவரை எனக்குத் தெரியாது.

மாமியார் சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு தண்ணீரில் இறங்கினார். இரு கைகளாலும் அள்ளி மருமகளின் முகத்தைக் கழுவிவிட்டார். பிறகு ஓடும் நீரைப் பார்த்து, கலியாண வீட்டில் எதிரே நிற்பவரிடம் சொல்வதுபோல, "சம்பந்தி, நீங்கள் ஒண்டுக்கும் யோசியாதேங்கோ. பிள்ளையை நான் பாப்பன்," என்றார்.

அவள் மாமியாரின் தோளில் முகம் புதைத்து அழுதாள். திரும்பும் வழியில், பசிக்குது என்று அவளே வாய் திறந்து சொன்னாள்.

இப்போதும் துக்கம் கேட்கப் போகும் வீடுகளில் நான் ஆறுதல் வார்த்தைகளைத் தேடுவதில்லை. இறந்தவரின் பிள்ளை எங்கே இருக்கிறது என்று பார்த்து, அதன் பக்கத்தில் போய் இருந்துவிடுகிறேன்.