சப்பாத்தோடு கும்பிட மாட்டேன்

இலங்கைத் தேயிலைத் தோட்டத்து லயத்தில் பிறந்து, ஐந்தாம் வகுப்போடு நின்று, அட்டனில் மூன்று லொறிகளுக்குச் சொந்தக்காரனானவன் நான். ஆஸ்திரேலியாவில் இருக்கும் மகள் என்னைச் செம்மண் பாலைவனத்துக்கு அரைநாள் சுற்றுலா கூட்டிப்போனாள். வழிகாட்டி ஒரு பெரும்பாறையைக் காட்டி, ஆதிக்குடிகளுக்கு அது புனிதமான இடம் என்றான். மகள் தமிழில் சொன்னதுமே சப்பாத்தைக் கழற்றினேன். அவன் பதறி ஓடி வந்தான்.

"அப்பா, முள்ளு குத்துமாம். சப்பாத்து போடாட்டி பஸ்ஸுலயே இருக்கணுமாம்."

"தேயில மலையில வெறுங்காலோட வளந்தவன்டி நான்! சாமி எடம்னு சொன்னது அவருதானே? கேளு!"

"சட்டமாம்ப்பா. மானத்த வாங்காதீங்க."

யாருடைய மானம்? புனிதம் என்று சொல்லிவிட்டு, சப்பாத்தோடு மிதிக்கச் சொல்வது என்ன நியாயம்? அவ்வளவு தூரம் போயும் நான் பாறையைத் தொடவில்லை. பஸ் படியில் வெறுங்காலோடு நின்றே கும்பிட்டேன்.